மலையிடம் வாங்கிய கடன்

போடிநாயக்கனூரிலிருந்து மேற்கே நோக்கினால் வானத்தில் பாதியை மலை எடுத்துக்கொள்கிறது. முந்தலைக் கடந்து பதினேழு கொண்டை ஊசி வளைவுகள் ஏறினால் போடிமெட்டு. அதற்கு அப்பால் கேரளத்தின் ஏலத்தோட்டங்கள். கொட்டகுடி ஆற்றின் போக்கைப் பிடித்து மேலேறினால் குரங்கணி. அதன் தலைமேல் டாப் ஸ்டேஷன். முன்னொரு காலத்தில் மூணாற்றுத் தேயிலை கம்பிவடத்தில் தொங்கியபடி இறங்கிவந்த சரிவு இது. தமிழகத்து மக்களுள் பெரும்பாலோர் இம்மலைக்கு ஒருமுறைகூட வந்ததில்லை. ஆயினும் அவர்கள் இதனைக் கண்டிருக்கின்றனர். திரையரங்கின் இருளில் அமர்ந்து கண்டிருக்கின்றனர்.

2010ஆம் ஆண்டு தீபாவளிக்கு வெளிவந்த பிரபு சாலமனின் 'மைனா' குரங்கணிப் பகுதியில் எடுக்கப்பட்டது. குரங்கணி என்ற பெயரையே பலர் அப்படத்தின் வழியாகத்தான் முதன்முதலில் அறிந்தனர். 2018 ஆகஸ்டில் வெளிவந்த லெனின் பாரதியின் 'மேற்குத் தொடர்ச்சி மலை', ஏலமூட்டை சுமக்கும் நிலமற்ற தொழிலாளி ஒருவனின் வாழ்வைச் சொல்லிற்று. இப்படங்கள் நம் மனத்தை மலையின்பால் திருப்பியவை, அதில் ஐயமில்லை. நாம் இங்கு எழுப்ப விரும்பும் கேள்வி வேறு. மலையின் அழகை எடுத்துக்காட்டிப் பொருளும் புகழும் ஈட்டும் ஒரு கலைத்தொழில், அம்மலைக்குக் கடன்பட்டிருக்கிறதா? பட்டிருக்கிறதெனில், வாய்திறந்து கேட்க இயலாத கடன்காரனுக்கு அதை எப்படித் திருப்பிக் கொடுப்பது?

திரைப்படத்தைப் பற்றித் திருச்சபை சிந்திக்காமல் இருந்ததில்லை. 1936இல் திருத்தந்தை பதினோராம் பத்திநாதர் 'விஜிலாந்தி கூரா' என்னும் சுற்றுமடலைத் திரைப்படத்திற்கென்றே எழுதினார். 1957இல் பன்னிரண்டாம் பத்திநாதரின் 'மிராந்தா புரோர்சுஸ்' வந்தது. 1963இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம் சமூகத் தொடர்புக் கருவிகளைப் பற்றி ஓர் ஆணைமடலை வெளியிட்டது. குருமடத்தில் இவற்றைப் பயின்ற நமக்கு இன்று ஓர் உண்மை புலப்படுகிறது: இம்மடல்கள் பெரிதும் கவலைகொண்டது திரையின் முன்னால் அமர்ந்திருப்பவனைப் பற்றி. காட்சி அவன் உள்ளத்தைக் கெடுக்குமா, உயர்த்துமா என்பதே கேள்வி. திரையின் பின்னால், அக்காட்சி பிறந்த இடத்தில், ஓடைக்கும் மரத்துக்கும் என்ன நேர்ந்தது என்ற கேள்விக்கு அக்காலம் இன்னும் வந்து சேரவில்லை. அதற்காக அவர்களைக் குறைகூற நமக்கு உரிமையில்லை. ஆனால், படைப்பு முழுவதையும் பொதுவான இல்லமாகக் கருதச் சொல்லித் திருத்தந்தை பிரான்சிஸ் 2015இல் 'லவுதாத்தோ சி' எழுதிய பின்பும், ஒரு படத்தை 'நல்ல படம்' என்று சொல்லும்போது நாம் கதையை மட்டுமே எடைபோடுகிறோம் என்பதுதான் வியப்பு.

ஒரு செயலை நல்லதென்றோ தீயதென்றோ தீர்ப்பிடுமுன், செய்யப்படும் செயல், செய்பவரின் நோக்கம், செயல் நிகழும் சூழ்நிலை ஆகிய மூன்றையும் நோக்கவேண்டும் என்பது பழைய அறநெறிப் பாடம். நோக்கம் எத்துணை உயர்ந்ததாயினும், அது தீய வழியைத் தூய்மையாக்கிவிடாது. காட்டைக் காப்போம் என்று முழங்கும் படத்தை எடுப்பதற்காகக் காட்டின் ஒரு துண்டை அழித்தால், அப்படத்தின் செய்தி அச்செயலுக்கு மன்னிப்பு வாங்கித் தருமா? தராது என்றே நாம் எண்ணுகிறோம்.

படப்பிடிப்பு என்றால் என்ன என்பதைச் சற்றே எண்ணிப் பார்ப்போம். திரையில் நாயகனும் நாயகியும் மட்டுமே நடந்து செல்லும் அந்த ஒற்றையடிப் பாதைக்குப் பின்னால் நூறு பேருக்குக் குறையாத ஒரு கூட்டம் நிற்கிறது. டீசலில் ஓடும் ஜெனரேட்டர் வண்டி, நடிகர்கள் தங்கும் கேரவன், கிரேன், டிராலி ஓடத் தண்டவாளம், மூன்று வேளைச் சமையல், தேநீர்க் கோப்பைகள், தண்ணீர்ப் போத்தல்கள், தெர்மாகோலும் பிளாஸ்டர் ஆஃப் பாரீசும் கலந்து எழுப்பிய செட். காட்சிக்கு மூடுபனி வேண்டுமெனில் புகை போடுவர். மழை வேண்டுமெனில் லாரியில் தண்ணீர் வரும். ஏலக்காய் பறிப்பு ஏறத்தாழ ஆடியில் தொடங்கித் தை வரை நீளும். மாசிக்குப் பின் மலையில் வேலையில்லை, தண்ணீரும் இல்லை, சருகு மட்டும் உண்டு. அந்த நாளில் படக்குழு வந்தால், கூலியில்லாத வீட்டுக்கு அது வரமாகவும், காய்ந்த காட்டுக்கு அது இடராகவும் ஒரே வேளையில் வந்துசேர்கிறது.

இத்தொழிலின் சுமையை அளந்து பார்த்தவர்களும் உண்டு. பிரித்தானியத் திரைப்படக் கழகமும் ஆல்பர்ட், அரூப் என்னும் அமைப்புகளும் இணைந்து 2020இல் வெளியிட்ட ஆய்வறிக்கை, பெரும் பொருட்செலவில் எடுக்கப்படும் ஒரு படம் சராசரியாக 2,840 டன் கரியமில வாயுவுக்கு ஈடான மாசை வெளியிடுவதாகக் கணக்கிட்டது. அதில் ஏறக்குறைய பாதி போக்குவரத்தால் விளைவது. நம் தமிழ்ப் படங்கள் அத்தனை பெரியவை அல்ல. அந்த எண்ணை அப்படியே இங்கே கொண்டுவந்து பொருத்துவது நேர்மையாகாது. ஆனால் சென்னையிலிருந்து ஒரு யூனிட் முழுவதும் போடிக்கு வந்து திரும்பும் தொலைவை நம் வாசகர் எவரும் மனக்கணக்காகவே போட்டுப் பார்க்கலாம். (படச்சுருள் போய்க் கணினி வந்ததால் எல்லாம் தூய்மையாகிவிட்டது என்பாரும் உளர். வெள்ளியும், கால்நடை எலும்பிலிருந்து எடுத்த ஜெலட்டினும் பூசிய சுருள்களையும், அவற்றைக் கழுவிய வேதிநீரையும் நாம் கடந்துவிட்டோம் என்பது மெய்யே. 1960இல் உதகையில் தொடங்கப்பட்டு 'இந்து' என்ற பெயரில் சுருள் செய்த இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ் ஆலையும் மூடப்பட்டுவிட்டது. ஆனால் ஜெனரேட்டர் இன்னும் டீசலைத்தான் குடிக்கிறது.)

ஒரு படம் நிலத்திற்கு இழைக்கும் காயம் இருவகை. முதலாவது, எடுக்கும்போது நேர்வது. இரண்டாவது, ஓடிய பின் நேர்வது. இரண்டையும் ஒருங்கே காட்டும் இடம் தாய்லாந்தின் மாயா விரிகுடா. 'தி பீச்' என்னும் ஆலிவுட் படத்திற்காக அங்கிருந்த மணற்குன்றுகள் சமன்செய்யப்பட்டன. இயல்பாய் வளர்ந்திருந்த செடிகொடிகள் அகற்றப்பட்டன. கடற்கரை இன்னும் கடற்கரையாகத் தோன்றவேண்டுமென்று தென்னைகள் கொண்டுவந்து நடப்பட்டன. இறைவன் படைத்தது போதாதென்று கருதிய அந்தத் துணிச்சலை என்னென்பது! அப்பகுதியினர் 1999இல் வழக்குத் தொடுத்தனர். படப்பிடிப்பால் கேடு விளைந்ததை 2006இல் தாய்லாந்து உச்சநீதிமன்றம் உறுதிசெய்தது. சீரமைப்புக்கென ஒரு கோடி பாட் செலுத்தத் தயாரிப்பு நிறுவனம் ஒப்புக்கொண்ட உடன்பாட்டுக்கு 2022இல்தான் அந்நீதிமன்றம் ஒப்புதலளித்தது. ஒரு குழந்தை பிறந்து பட்டம் பெறும் காலம் கடந்துபோயிற்று. இதனினும் பெரிது இரண்டாவது காயம். 2000இல் படம் வெளிவந்தபின், அந்த எழிலைத் தேடி நாளொன்றுக்கு ஐயாயிரம் பேர்வரை படகேறி வந்தனர், பவளப்பாறைகள் சிதைந்தன. 2018இல் விரிகுடா மூடப்பட்டு, 2022 ஜனவரியில்தான் கட்டுப்பாடுகளோடு மீண்டும் திறக்கப்பட்டது. அப்படியானால் கேடு செய்தவர் யார்? படம் எடுத்தவரா, படத்தைப் பார்த்து மயங்கி வந்தவரா? இருவரும் தத்தம் பங்குக்குப் பொறுப்பாளிகளே. 'என் செயலால் பிறர் செய்தது என் கணக்கல்ல' என்ற வாதத்தை அறநெறி அத்துணை எளிதில் ஏற்பதில்லை. முன்கூட்டியே அறியக்கூடிய விளைவு செய்தவனின் கணக்கில்தான் சேரும்.

நம் நாட்டிலும் இவ்வாறான வழக்குகள் எழத் தொடங்கியுள்ளன. 2023 ஏப்ரலில், தென்காசி மாவட்டம் மத்தளம்பாறைப் பகுதியில் நடைபெற்ற 'கேப்டன் மில்லர்' படப்பிடிப்பு, உரிய அனுமதியில்லை என்ற முறையீட்டின்பேரில் மாவட்ட ஆட்சியரால் நிறுத்தப்பட்டது. களக்காடு முண்டந்துறைப் புலிகள் காப்பகத்தை ஒட்டிய அவ்விடத்தில் வெடிக் காட்சிகள் எடுக்கப்பட்டது குறித்து மக்கள் கவலை தெரிவித்திருந்தனர். குற்றம் எவரது என்று தீர்ப்பிடுவது நம் வேலையன்று. ஊர்மக்கள் வாய்திறந்து கேட்டனர் என்பதே நமக்கு முக்கியம்.

போடி மக்களும் மலைக்காக வாய்திறக்க அறியாதவர்கள் அல்லர். பொட்டிபுரம் அருகே மலையைக் குடைந்து நியூட்ரினோ ஆய்வகம் அமைக்கும் திட்டத்திற்கு நடுவண் அரசு 2015இல் ஒப்புதல் தந்தபோது எத்தனை கூட்டங்கள், எத்தனை வழக்குகள்! இறுதியில் 2022 பிப்ரவரியில் தமிழக அரசே உச்சநீதிமன்றத்தில் அத்திட்டத்தை ஏற்க இயலாது என்று கூறிற்று. அத்திட்டம் நன்றா தீதா என்ற வாதத்திற்குள் நாம் இங்கு நுழையவில்லை. அறிவியலாளரிடம் நாம் கேட்ட கேள்விகளைக் கலைஞரிடம் கேட்கவில்லை என்பதை மட்டும் குறிக்கிறோம். கேரவனைக் கண்டதும் பிள்ளைகள் ஓடுகின்றனர். பெரியவர்களும் பின்னால் செல்கின்றனர். கேள்வி வீட்டிலேயே தங்கிவிடுகிறது. இரண்டு கிலோமீட்டர் சுரங்கமும் இருபது நாள் படப்பிடிப்பும் ஒன்றல்ல என்பதை நாம் அறிவோம். அளவு வேறாகலாம், கேட்கும் உரிமை வேறாகாது.

இங்கே ஒரு மறுப்பு எழும், அது வலுவானது. ஏலம், பூச்சிக்கொல்லி மிகுதியாகத் தெளிக்கப்படும் பயிர்களுள் ஒன்று. விடுதிகள் சரிவை வெட்டி எழுகின்றன. சுற்றுலா வண்டிகள் வரிசையாக மலையேறுகின்றன. இத்தனைக்கும் நடுவே என்றோ வந்துபோகும் சினிமாக்காரனை மட்டும் பிடித்துக்கொள்வது நியாயமா? மேலும், விடியுமுன் ஜீப்பில் நெருக்கியடித்து மலையேறி மாலையில் இறங்கும் பெண்களுக்கு, கூட்டத்தில் ஒருவராய் நிற்கக் கிடைக்கும் ஒருநாள் ஊதியம் சிறிய தொகையன்று. சுற்றுச்சூழலின் பெயரால் ஏழையின் தட்டில் கைவைப்பதை நாமும் ஒப்பமாட்டோம். 'மேற்குத் தொடர்ச்சி மலை'யின் இறுதியில், தான் இழந்த நிலத்தில் நிற்கும் காற்றாலைக்கே அத்தொழிலாளி காவலாளியாகிறான். பசுமை என்ற சொல்லின் நிழலிலும் ஏழை நிலமிழக்கக்கூடும் என்று அப்படம் நமக்குக் காட்டிற்று. அதை மறந்துவிட்டுச் சூழல் பேசுவது அரைகுறைப் பேச்சு.

ஆயினும் இம்மறுப்பு நம் கேள்வியை நீக்கிவிடவில்லை. பிறர் செய்யும் பெருந்தவறு என் சிறுதவறுக்கு அனுமதிச்சீட்டு அன்று. மேலும், திரைப்படத்திற்கென்று ஒரு தனிப்பொறுப்பு உண்டு. தோட்டமுதலாளி மலையின் அழகை விற்பதில்லை, ஏலக்காயை விற்கிறார். திரைப்படம் விற்பது அழகையே. எதை விற்று வாழ்கிறோமோ அதைக் காப்பது வணிக நேர்மைக்கும் அடிப்படை.

மனச்சான்று விரிவடையக் கூடியது என்பதற்குத் திரைத்துறையே சான்று. சாண்டோ சின்னப்பா தேவரின் யானைகள் திரையில் வித்தை காட்டியபோது ஊரே கைதட்டிற்று. அந்த யானை எவ்வாறு பழக்கப்பட்டது என்று எவரும் கேட்டிலர். ஆனால் அதற்கும் முன்பே ஒரு கலைஞர் கேட்டிருந்தார். நாட்டியத்தை வாழ்வாகக் கொண்ட ருக்மிணி தேவி அருண்டேல், மாநிலங்களவையில் விலங்குகளுக்காகக் குரலெழுப்பினார். 1960இல் விலங்கு வதைத் தடுப்புச் சட்டம் வந்தது. 1962இல் விலங்கு நல வாரியம் அவர் தலைமையில் அமைந்தது. 2001இன் விதிகளுக்குப் பின், விலங்கு தோன்றும் படத்திற்கு அவ்வாரியத்தின் சான்று தேவையாயிற்று. இன்று படம் தொடங்குமுன் எந்த விலங்கும் துன்புறுத்தப்படவில்லை என்று எழுத்து ஓடுகிறது. 2012 முதல் புகையிலைக்கும் எச்சரிக்கை வந்துவிட்டது. ஆட்டுக்கும் மாட்டுக்கும் ஒரு வரி இருக்கிறது; நுரையீரலுக்கு ஒரு வரி இருக்கிறது; ஓடைக்கு ஒரு வரி இல்லை. அவ்வரி வந்தால் அதுவும் வெறும் சடங்காகிவிடுமே என்று வாசகர் கேட்கலாம். ஆகலாம். ஆயினும் சடங்கான வரியைச் சுட்டிக்காட்டிக் கணக்குக் கேட்கலாம். இல்லாத வரியைக் கொண்டு எதையும் கேட்கமுடியாது.

2018 மார்ச் 11இல் குரங்கணி மலையில் எரிந்த தீ மலையேறச் சென்றோருள் இருபதுக்கும் மேற்பட்டோரைக் கொண்டுசென்றது. அத்துயரத்திற்கும் எந்தப் படத்திற்கும் தொடர்பு கற்பிப்பது பொய்யாகும். ஆனால் அத்தீ ஒன்றை நமக்குக் கற்பித்தது: திரையில் பசுமையாய்த் தெரியும் அதே சரிவு, பங்குனியில் ஒரு பொறிக்குக் காத்திருக்கும் புல்வெளி. கேமரா காட்டும் மலைக்கு ஒரே பருவம். உண்மையான மலைக்குப் பல பருவங்கள்.

பிறர் பொருளை எடுத்தவன் மனம் வருந்தினால் மட்டும் போதாது. எடுத்ததைத் திருப்பித் தரவேண்டும் என்பதை ஒப்புரவு அருட்சாதனத்தைப் பற்றிய பாடத்தில் நாம் பயில்கிறோம். படப்பிடிப்புக்கும் இதையே பொருத்தலாம். வனத்துறையின் அனுமதி வனநிலத்திற்கு மட்டுமே உண்டு. ஊர்ப் பொதுநிலம், ஓடைக்கரை, கழுதைப்பாதை ஆகியவற்றுக்கு ஊரே பொறுப்பு. குரங்கணி கொட்டகுடி ஊராட்சியைச் சேர்ந்தது. கிராமசபை கூடும் நாள்கள் அனைவரும் அறிந்தவையே. படக்குழுவிடம் முன்வைப்புத் தொகை ஒன்றைப் பெற்று, குப்பை கீழிறங்கிய பின், செட்டு பிரிக்கப்பட்ட பின், ஓடையை ஊரார் நடந்து பார்த்த பின் அதைத் திருப்பித் தருவது என்று அங்கே ஒரு தீர்மானம் நிறைவேற்றுவதற்குப் பெரிய சட்டமேதை தேவையில்லை. ஓடையைப் பார்க்கச் செல்பவர்களில் முதுவாக்குடி முதுவர்களும் இருக்கவேண்டும். எந்த மாதத்தில் எந்த ஊற்று வற்றும் என்பதை அவர்கள் அறிவார்கள். தொகை எவ்வளவு, பார்ப்பது எந்த நாளில், படக்குழு போன மறுநாளா, ஒரு மழைக்குப் பிறகா என்பதையெல்லாம் அவர்களே பேசி முடிக்கட்டும்.