குழந்தையின் தாலந்து யாருக்குச் சொந்தம்?



பீடி முறத்தின் முன் ஒரு சிறுமி உட்கார்ந்திருக்கக் கண்டால் நம் மனம் பதைக்கிறது. "பள்ளிக்குப் போக வேண்டிய பிள்ளையாயிற்றே!" என்கிறோம். அதே வயதுச் சிறுமி விளக்கொளியில் நின்று, எழுதிக் கொடுத்த வசனத்தை இருபது தடவை சொல்லிப் பணம் பெற்றால் கைதட்டுகிறோம். இரண்டும் உழைப்பே அல்லவா?

"சர்வேசுரன் தந்த தாலந்தைப் புதைத்து வைப்பது பாவமல்லவா?" என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்வியே. 1960-ம் ஆண்டில் "களத்தூர் கண்ணம்மா" படத்தில் நடித்த சிறுவன் கமல்ஹாசன் ஜனாதிபதியின் தங்கப் பதக்கம் பெற்றார். வளர்ந்த பின்னும் அதே கலையில் புகழடைந்தார். ஆகவே குழந்தை நடிப்பதே தீது என்று சொல்வதற்கில்லை. ஆனால் எல்லாப் பிள்ளைகளுக்கும் அப்படி வாய்க்கவில்லை.

அமெரிக்காவில் ஜாக்கி கூகன் என்ற சிறுவன் 1921-ல் சார்லி சாப்ளினோடு ஊமைப் படத்தில் நடித்து உலகப் புகழ் பெற்றான். லட்சக்கணக்கில் டாலர் சம்பாதித்தான். வயது வந்தபின் பார்த்தால், தாயும் அவளுடைய இரண்டாம் கணவரும் பெரும்பகுதியைச் செலவழித்திருந்தார்கள். 1938-ல் அவர் பெற்ற தாயின் மேலேயே வழக்குத் தொடுக்க நேர்ந்தது. அதன் பலனாக, குழந்தை நடிகரின் வருமானத்தில் ஒரு பங்கைப் பாதுகாக்கும் சட்டம் 1939-ல் கலிபோர்னியாவில் பிறந்தது.

நம் நாட்டில் 1950-களில் டெய்சி இரானி என்ற சிறுமி ஆண்பிள்ளை வேடங்களில் நடித்துப் பேர் பெற்றார். 1957-ல் வந்த "யார் பையன்" என்ற தமிழ்ப் படத்திலும் நடித்தார். அவர் 2018-ல், முதிர்ந்த வயதில், ஓர் உண்மையை வெளியிட்டார். ஆறு வயதில் படப்பிடிப்புக்காகச் சென்னைக்குத் தன்னைக் கூட்டி வந்த காப்பாளனே தனக்குக் கொடுமை இழைத்தான் என்றார். இக்காலப் பெற்றோர் விழிப்பாயிருக்கவே இதைச் சொல்வதாகவும் கூறினார்.

சட்டம் இன்று கொஞ்சம் காவல் செய்கிறது. பீடி சுற்றுவதிலும் தோல் பதனிடுவதிலும் 14 வயதுக்குட்பட்டோரை வேலைக்கு வைப்பதை 1986-ம் ஆண்டுச் சட்டம் தடுத்தது. 2016-ம் ஆண்டுத் திருத்தம் தடையை எல்லாத் தொழில்களுக்கும் விரித்தது. விட்ட சில விலக்குகளில் நடிப்பும் ஒன்று. அதற்கும் 2017-ல் விதிகள் வந்தன: நாளொன்றுக்கு 5 மணிக்கு மேல் வேலை கூடாது, வருமானத்தில் 20 சதவீதமாவது பிள்ளையின் பெயரில் வங்கியில் போட வேண்டும், பிள்ளையின் விருப்பத்துக்கு மாறாக நடிக்க வைக்கக் கூடாது.

இந்தக் கடைசி விதியைக் காப்பதுதான் கடினம். "நடிக்கிறாயா கண்ணு?" என்று தாய் கேட்டால், அவள் முகம் மலர்வதற்காகவே பிள்ளை "சரி அம்மா" என்கிறது. அது சம்மதமா, கீழ்ப்படிதலா? நாலாம் கற்பனையின்படி பிள்ளை நமக்குக் கீழ்ப்படிகிறது. அந்தக் கீழ்ப்படிதல் பிள்ளையின் நன்மைக்காக நம்மிடம் ஒப்படைக்கப்பட்டது. அதை நம் பெருமைக்கும் லாபத்துக்கும் செலவழிப்பது நம்பிக்கைத் துரோகம். தாலந்து உவமையிலும், வாங்கின ஊழியனிடமே எஜமான் கணக்குக் கேட்டார். பிள்ளையின் தாலந்து பிள்ளைக்கே கொடுக்கப்பட்டது. நாம் அதற்குக் காவற்காரர்.

திருக்குடும்பத்தைப் பாருங்கள். 12 வயதில் சேசுநாதர் ஜெருசலேம் தேவாலயத்தில் வேதசாஸ்திரிகளை வியக்க வைத்தார். தேவமாதாவும் அர்ச். சூசையப்பரும் அவரை ஊர் ஊராகக் கொண்டுபோய்க் காட்டினார்களா? வீட்டுக்கு அழைத்துப் போனார்கள். முப்பது வயது மட்டும் அவர் நசரேத்தூரில் மறைவாக வளர்ந்தார். அந்த ஆண்டுகள் வீணாய்ப் போகவில்லை.

சினிமா நம் வீட்டுக்குத் தூரம் என்று எண்ண வேண்டாம். இன்று கைப்பேசியே படப்பிடிப்பு நிலையமாகிவிட்டது. பிள்ளையை ஆட வைத்துப் படம் பிடித்து ஊருக்கெல்லாம் அனுப்புமுன், மூன்று கேள்விகளை நம் மனச்சாட்சியிடம் கேட்போம். இதில் மகிழ்ச்சி யாருக்கு, பிள்ளைக்கா நமக்கா? "வேண்டாம்" என்று சொல்லப் பிள்ளைக்குத் தைரியம் உண்டா? இருபது வயதில் இதைப் பார்த்தால் அது நமக்கு நன்றி சொல்லுமா?

கிறிஸ்துமஸ் நாடகத்தில் பிள்ளைகள் தாராளமாக நடிக்கட்டும், பாடட்டும். முடிந்ததும் வீட்டுக்கு வந்து சாப்பிட்டு, ஜெபம் சொல்லி, நிம்மதியாகத் தூங்கட்டும். கைதட்டல் கிடைத்த நாளிலும் கிடைக்காத நாளிலும் அவர்களை ஒன்றுபோல் நேசிப்போம்.