விட்டுவிடச் சொல்வது யார்?

துளசிதாஸ் பலராம் என்று திருவிடைமருதூர்த் தேரடியில் நின்று சொல்லிப் பாருங்கள், ஒருவரும் திரும்ப மாட்டார்கள். பெலே என்றால் டீக்கடைப் பையனுக்கும் தெரியும். இருவரும் ஒரே காலத்துக் கால்பந்து ஃபார்வர்டுகள். பலராம் செகந்திராபாத் பக்கம் அம்முகுடாவில், தமிழ்ப் பெற்றோருக்குப் பிறந்தவர். 1956 மெல்போர்ன் ஒலிம்பிக்கில் நான்காம் இடம் பிடித்த இந்திய அணியில் இருந்தார். 1960 ரோமில், ஹங்கேரியிடம் 1-2 என்று தோற்ற ஆட்டத்தில் நம் ஒரே கோல் அவருடையது. 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டில் தாய்லாந்துக்கும் ஜப்பானுக்கும் எதிராகக் கோல் போட்டார். அணி தங்கத்தோடு திரும்பியது. அதே ஆண்டு அர்ஜுனா விருது. அடுத்த ஆண்டு நுரையீரல் நோய். முப்பது வயதைத் தொடுமுன் ஆட்டம் முடிந்தது.

2023 பிப்ரவரியில் கொல்கத்தாவில் காலமானார். பெரிய ஆட்டங்கள் ஆடியது ஏழெட்டு வருடம். அதன்பின் வாழ்ந்தது அறுபது வருடம். அந்த அறுபதை ஒரு மனிதர் என்ன செய்வார்?

பிரேசிலின் டோஸ்டாவுக்கும் இதே நிலைமை வந்தது. 1970-ல் பெலேயோடு உலகக் கோப்பை வென்றவர், கண்ணில் விழித்திரை பாதிக்கப்பட்டதால் 1973-ல், 26 வயதில் ஆட்டத்தை விட்டார். மருத்துவம் படித்து டாக்டரானார். இப்படி ஒரு கதையைக் கேட்டால் நமக்கு மனசு நிறைகிறது. விட்டார், வேறொன்றைப் பிடித்தார், ஜெயித்தார்.

பலராமின் கதை அவ்வளவு வசதியாக முடியவில்லை. இந்திய அணியின் சுனி கோஸ்வாமி, பி.கே. பானர்ஜி, பலராம் என்று மூன்று பெயரையும் ஒரே மூச்சில் சொன்ன காலம் உண்டு. சுனிக்கு 1983-லும் பி.கே.வுக்கு 1990-லும் பத்மஸ்ரீ வந்தது. மூன்றாமவருக்குக் கடைசிவரை வரவில்லை. அந்த வருத்தத்தை அவர் மூடி மறைக்கவும் இல்லை.

இங்கேதான் நாம் புத்தி சொல்ல வருகிறோம். எங்கள் திருவிடைமருதூரிலும் இளவயதில் வாலிபாலோ கபடியோ ஆடி மாவட்ட அணிவரை போய், பிறகு ஏதோ ஒரு வேலையில் ஒதுங்கி ஓய்வு பெற்ற பெரியவர்கள் உண்டு. திண்ணையில் பழைய ஆட்டத்தை எடுத்தால், "அதெல்லாம் முடிஞ்சு போச்சு, விடுங்க மாமா" என்கிறோம். பக்குவமான பேச்சு என்று நமக்கே ஒரு நினைப்பு.

விட்டுவிட்டுப் போவதற்கென்றே எங்கள் மகாலிங்கசுவாமி கோயிலில் ஒரு வழி இருக்கிறது. வரகுண பாண்டியனைத் தொடர்ந்து வந்த பிரம்மஹத்தி கிழக்கு வாசலில் நின்றுவிட, அவன் உள்ளே போய்த் தொழுது மேற்கு வாசல் வழியே வெளியேறினான் என்பது தலபுராணம். கிழக்கே நுழைந்தவர்கள் அதே வழியில் திரும்பக்கூடாது என்பது இன்றைக்கும் வழக்கம்.

ஆனால் பாண்டியன் இறக்கி வைத்தது தன் பழியை. அவன் குதிரையின் காலில் ஒரு உயிர் போயிருந்தது. அறியாமல் நடந்தாலும் அது அவன் கணக்கு. பலராம் எதை இறக்கி வைப்பார்? அவர் யாருக்கும் தீங்கு செய்யவில்லை. மறந்தவர்கள் நாம். மறந்த பழியை நம்மிடமே வைத்துக்கொண்டு, மறக்கப்பட்டவரைப் பார்த்து "பாரத்தை இறக்குங்கள்" என்பது எந்த ஊர் நியாயம்?

பற்றில்லாமல் இருப்பது பெரிய குணந்தான். அதை ஒருவர் தனக்குத் தானே சொல்லிக்கொள்ளலாம். தர வேண்டியதைத் தராதவர்கள் சொன்னால், அது கடன்காரன் சொல்லும் வேதாந்தம். ஒரு முதியவர் தனக்கு வராமல் போனதைப் பற்றிப் பேசும்போது, அது நியாயமான பாக்கி என்று ஒப்புக்கொள்வதே நாம் செய்யக்கூடிய முதல் காரியம். பாக்கியைத் தீர்க்க நம்மால் முடியாமல் போகலாம். அப்படி ஒரு பாக்கியே இல்லை என்று சாதிக்காமல் இருக்க எல்லோராலும் முடியும்.