மலைகளும் நிலையாமையும்



நிலைபேற்றிற்கு உவமை கூறப் புகுவோர் மலையையே முதற்கண் எடுத்தோதுவர். மலை தோன்றியதையும் அழிந்ததையும் நேரிற் கண்டார் இலர். ஆதலின் உலகம் என்றும் இவ்வாறே உள்ளதென்பார்க்கு மலையே பெருந்துணையாகும். மெய்கண்டதேவரோ சிவஞானபோத முதற்சூத்திரத்து, உலகம் தோன்றி நின்று ஒடுங்குமென நிறுவியருளினார். மலை அதற்கு விலக்காமோ என்பதனை ஈண்டு ஆராய்வாம்.

இந்தியாவின் வடபால் இமயம் ஏறக்குறைய 2,400 கிலோமீட்டர் பரந்து கிடக்கின்றது. தென்னமெரிக்காவின் மேல்கரையோரமாக ஆண்டிஸ் ஏறக்குறைய 7,000 கிலோமீட்டர் நீண்டு, நிலமிசையுள்ள தொடர்களுள் நெடியதாயிற்று. ஐரோப்பாவில் ஆல்ப்ஸும், அதற்கும் ஆசியாவுக்கும் எல்லையாக யூரலும், வட அமெரிக்காவின் மேல்பால் ராக்கியும் கீழ்பால் அப்பலாச்சியனும் உள்ளன. இவை ஒருங்கு தோன்றியன அல்ல. ஏறக்குறைய 5 கோடி ஆண்டுகட்கு முன் இந்திய நிலத்தட்டு ஆசியத் தட்டினை மோத, இடைநின்ற கடலின் படிவுகள் மடிந்தெழுந்தமையே இமயம் என்பர் நிலநூலார். 8,849 மீட்டர் உயர்ந்த எவரெஸ்ட் முடியின் சுண்ணப்பாறையிற் கடல்வாழுயிர்களின் கற்சுவடுகள் உள்ளன. இன்று முடியாயிருப்பது பண்டு கடலடியே. அப்பலாச்சியனோ ஏறக்குறைய 30 கோடி ஆண்டுகட்கு முன்னரே ஓங்கியது. மழையும் பனியும் தேய்ப்ப, இன்று அதன் மிக்க உயரம் 2,037 மீட்டரேயாம்.

“அற்றேல், திருக்கயிலையும் அழியுங்கொல்?” என அன்பர் உளம் நடுங்கலாம். இதனை மறையாது கூறுதலே முறை. திபெத்தில் 6,638 மீட்டர் உயர்ந்து நிற்கும் அம்மலையின் பாறை, பண்டை ஆறுகள் வேறு மலைகளை அரித்துக் கொணர்ந்த கூழாங்கற்கள் படிந்து இறுகியதாகும். அது படிந்து இரண்டு கோடி ஆண்டுகட்கு மேலாயின. ஒரு மலை ஒடுங்க, அதன் கல்லே மற்றொரு மலையாய்த் தோன்றிற்று! ஒடுங்கியதே மீளத் தோன்றுமென்னும் சித்தாந்தத்திற்குக் கயிலையே சான்றாய் நிற்றல் காண்க. இது ஒருபகுதித் தோற்ற ஒடுக்கமேயன்றிச் சருவசங்காரம் அன்று. எனினும் பகுதியிற் கண்டது கொண்டு முழுதினையும் கருதியுணர்தல் அளவைநெறியே.

“ஆறும் பனியுமே செய்தல் அமையும், செய்வோன் எற்றுக்கு?” எனின், அற்றன்று. அவை தாமும் மாயையின் காரியம், சடம். தாமாக இயங்கமாட்டா. நிலநூல் தோற்ற ஒடுக்கங்களைக் காட்டும். செய்வோனைக் காட்டுதல் அந்நூலின் எல்லையன்று. அது நம் நூலின் பணி. மாயை முதற்காரணமும், சத்தி துணைக்காரணமும், சிவபிரான் நிமித்தகாரணமும் ஆவர். உயிர்களின் மலம் பரிபாகமுறுதற்பொருட்டே அவன் இவற்றைத் தோற்றி நிறுத்தி ஒடுக்குகின்றான்.

ஆகலின், கல் அழியாதென்று கருதி நாம் கயிலையை வணங்குகின்றோமல்லம். அழியும் கல்லையும் தனக்கு இடமாகக் கொண்டு அழியாதான் அருளுதலின் வணங்குகின்றோம். மலையும் தேயுமாயின், இவ்வுடம்பு எத்துணை நாள் நிற்கும்? அது நிற்கும்பொழுதே அவன் திருவடியைச் சார்ந்து உய்வோமாக.

திருச்சிற்றம்பலம்.