கண்ணால் கண்ட சாட்சி

சென்ற மாதம் ஜும்ஆ தொழுகை முடிந்து பள்ளிவாசல் திண்ணையில் அமர்ந்திருந்தபோது பெரியவர் ஒருவர் நம்மிடம் வந்தார். அவருடைய தம்பி மகன் கொலையுண்டு சில ஆண்டுகள் ஆகின்றன. "ஹஜ்ரத்! ஐந்து வேளையும் தொழும் ஒருவர் 'கண்ணால் கண்டேன்' என்று சத்தியம் செய்து சொன்னார். செஷன்ஸ் கோர்ட் ஆயுள் தண்டனை கொடுத்தது. ஹைகோர்ட்டோ விடுதலை செய்துவிட்டது. அப்படியானால் எங்கள் சாட்சி பொய்யரா?" என்று கேட்டார். வேதனையோடு எழுந்த அந்தக் கேள்விக்கு விடை காண்பது நம் எல்லோருக்கும் பயன் தரும்.

கொலைக் குற்றத்தை நிரூபிக்க நேர்மையான இரண்டு சாட்சிகள் வேண்டும் என்பது ஷரீஅத்தின் விதி. நம் நாட்டுச் சட்டமோ சாட்சிகளின் எண்ணிக்கையை நிர்ணயிக்கவில்லை. 1872ஆம் ஆண்டின் சாட்சியச் சட்டத்தில் இருந்த இந்த நிலையே, 2024 ஜூலை முதல் அதனிடத்துக்கு வந்த புதிய சட்டத்திலும் தொடர்கிறது. 1957இல் சென்னை ராஜ்யத்திலிருந்து சென்ற ஒரு கொலை வழக்கில், ஒரே ஒரு சாட்சியை நம்பி அளித்த மரண தண்டனையை சுப்ரீம் கோர்ட் உறுதி செய்தது. சாட்சியத்தை எண்ணக் கூடாது, எடை போட வேண்டும் என்பதே அத்தீர்ப்பின் சாரம்.

1972இல் நடந்ததோ வேறு. தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு கொலை வழக்கில் செஷன்ஸ் கோர்ட்டும் ஹைகோர்ட்டும் மரண தண்டனை விதித்திருந்தும் சுப்ரீம் கோர்ட் விடுதலை செய்தது. போலீஸ் ஸ்டேஷன் இரண்டே மைல் தொலைவில் இருந்தும், 20 மணி நேரத்துக்கு மேல் கழித்தே புகார் கொடுக்கப்பட்டிருந்தது. இடைப்பட்ட நேரத்தில் கண்டதோடு காணாததும் கலந்துவிடக்கூடும் அல்லவா?

அப்பீல் கோர்ட்டின் கையில் இருப்பவை காகிதங்களே. சாட்சியின் முகத்தை அது பார்ப்பதில்லை. ஆகையால் அவரை நேரில் கண்ட கீழ்க் கோர்ட்டின் கருத்துக்கு மதிப்புத் தருகிறது. ஆயினும் சாட்சியம் முழுவதையும் மீண்டும் ஆராய்கிறது. வெளிச்சம் இருந்ததா? தூரம் எவ்வளவு? குற்றவாளி முன்பே தெரிந்தவரா? டாக்டர் கண்ட காயங்களோடு சொன்னது ஒத்துப்போகிறதா? சிறு முரண்பாடுகளை அது பொருட்படுத்துவதில்லை. சாட்சி உறவினர் என்பதற்காக மட்டும் அவரை ஒதுக்குவதும் இல்லை. உண்மைக் கொலையாளியைத் தப்பவிட்டு நிரபராதியை மாட்டிவிட நெருங்கிய உறவினர் சாதாரணமாக விரும்பமாட்டார் என்று 1953இலேயே சுப்ரீம் கோர்ட் கூறியுள்ளது. ஆனால் பகையின் வேகத்தில், குற்றவாளியோடு சேர்த்து, பிடிக்காத ஒருவரையும் இழுத்துவிடும் பழக்கம் உண்டு என்றும் எச்சரித்தது.

நம் முன்னோர்களுக்கு இந்த ஆராய்ச்சி புதிதல்ல. ஹதீஸ் கலை இமாம்கள் அறிவிப்பாளரிடம் நேர்மை ஒன்றை மட்டும் பார்க்கவில்லை. நினைவாற்றலையும் தனியே பார்த்தார்கள். பைத்துல்மாலையே ஒப்படைக்கக்கூடிய நம்பிக்கையாளர்கள் பலரிடமிருந்து இமாம் மாலிக் (ரஹ்) அவர்கள் ஹதீஸ் எடுக்கவில்லை என்று வரலாறு கூறுகிறது. அவர்களை அந்த இமாம் பொய்யர்கள் என்று சொல்லவில்லை.

ஹஜ்ரத் அலீ (ரலி) அவர்களிடம் இருவர் ஒரு மனிதரைக் கொண்டுவந்து, இவர் திருடினார் என்று சாட்சி கூறினார்கள். அவருடைய கை வெட்டப்பட்டது. பின்னர் அதே இருவர் வேறொருவரைக் கொண்டுவந்து, இவரே திருடன், முன்பு தவறாகக் கூறிவிட்டோம் என்றனர். இரண்டாமவர் மீதான சாட்சியத்தை அலீ (ரலி) ஏற்கவில்லை. முதலாமவரின் கைக்கு அவ்விருவரையே தியத் கொடுக்கச் செய்தார்கள். வேண்டுமென்றே செய்ததாகத் தெரிந்திருந்தால் உங்கள் கைகளை வெட்டியிருப்பேன் என்றும் கூறினார்கள். சாட்சிகள் இருவராக இருந்தும் பிழை நேர்ந்தது. தியத் கிடைத்தது, கை திரும்பவில்லை. தூக்கிலிட்ட உயிர் திரும்புமா?

நாம் பெரியவரிடம், "உங்கள் சாட்சி எப்படி அடையாளம் கண்டார்?" என்று கேட்டோம். "இஷாவுக்குப் பின், கரண்ட் இல்லாத நேரம். நடையை வைத்துத் தெரிந்துகொண்டாராம்" என்றார். கோர்ட்டில் அவர் சொன்னதோ முகத்தைக் கண்டதாக! அவர் பொய் சொல்ல நினைத்திருக்கமாட்டார். நடையைக் கண்டார், முகத்தைத் தம் மனம் நிரப்பிவிட்டது. நடையை மட்டும் சொல்லியிருந்தால் அந்த உண்மை அதற்குரிய எடையோடு நின்றிருக்கும்.

ஆகவே, விடுதலைத் தீர்ப்பு சாட்சிக்குப் பொய்யர் பட்டம் கட்டுவதல்ல. சந்தேகத்தின் மேல் ஓர் உயிரைப் பறிக்கவோ, ஆயுளெல்லாம் சிறையில் அடைக்கவோ நீதிபதி அஞ்சுகிறார், அவ்வளவே. அவர் கேட்டதைக் கொண்டே தீர்ப்பளிக்க முடியும். மறைவானதை அறிந்தவன் அல்லாஹ் ஒருவனே. மறுமையில் மனிதர்களுக்கிடையே முதன்முதலாகத் தீர்க்கப்படும் வழக்கு இரத்தத்தைப் பற்றியது என்பது நாயகம் (ஸல்) அவர்கள் நமக்கு அறிவித்த செய்தி. அந்தச் சன்னிதானத்தில் அப்பீல் இல்லை, பிழையும் இல்லை. இதைக் கேட்ட பெரியவர் நெடுநேரம் பேசாதிருந்தார்.

சகோதரர்களே! சகோதரிகளே! கண்டதை மறைப்பது பாவம். காணாததைச் சேர்ப்பதும் பாவம். கண்டால் தாமதியாமல் சொல்லுங்கள். கண்ட அளவே சொல்லுங்கள். தெரியாததைத் தெரியாது என்று சொல்ல வெட்கப்படாதீர்கள். நமக்கும் நம் சொந்தங்களுக்கும் பாதகமாயினும் நீதியில் நிலைத்து நிற்க அல்லாஹ் தவ்பீக் செய்வானாக! ஆமீன்.