விடைத்தாளும் நீதிமன்றமும்

சிதம்பரத்தில் அண்ணாமலைப் பல்கலைக்கழகம் தோன்றிய ஆண்டு 1929. இன்று தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையமாக விளங்கும் அமைப்பு, சென்னை மாகாணத்தில் பிறந்ததும் அதே ஆண்டில்தான். பட்டம் வழங்கும் இடத்திற்கும் பணி வழங்கும் இடத்திற்கும் இடையே கடலூர் மாவட்டத்துப் பிள்ளைகள் நடந்த பாதை நெடியது. ஒரு மதிப்பெண் குறைவால் அப்பாதை அடைபட்டுப் போவதும் உண்டு. அம்மதிப்பெண் தவறாக இடப்பட்டதென ஒருவர் முறையிட்டால், நீதிமன்றம் விடைத்தாளைத் திருத்தப் புகலாமா?

பிகார் தேர்வாணையத்தின் தேர்வொன்றில், பொது அறிவியல் தாளில் 35 மதிப்பெண் பெற்ற ஒருவர் உயர்நீதிமன்றம் சென்றார். நீதிபதி அத்தாளை வேறோர் ஆசிரியரிடம் காட்டச் செய்தார். அவர் இட்டதோ 63! நம் நெஞ்சம் உடனே அந்த இளைஞர் பக்கம் சாய்கிறது. ஆயினும், விதிகளில் இடமில்லாத மறுமதிப்பீட்டை நீதிமன்றம் ஆணையிடலாகாது என்று 2004-இல் உச்சநீதிமன்றம் கூறிவிட்டது. இது கல்நெஞ்சமா? அன்று என்றே நாம் கருதுகிறோம். இரண்டாம் முறை படிக்கப்பட்டது அவருடைய தாள் ஒன்றே. சென்னைக்குப் போய் வக்கீல் வைக்க வகையற்ற பரங்கிப்பேட்டைப் பெண்ணின் தாளை யார் இரண்டாம் முறை படிப்பார்? ஒருவருக்குக் காட்டும் இரக்கம், வரிசையில் நிற்கும் மற்றவர்க்கு அநீதியாகிவிடக் கூடுமன்றோ?

லால்பேட்டை மன்பவுல் அன்வாரில் ஓதிய ஆலிம்களுக்கு இதில் புதுமையிராது. ஒரு காழி இஜ்திஹாதால் அளித்த தீர்ப்பை, இன்னொரு காழி தம் இஜ்திஹாதைக் கொண்டு கலைப்பதில்லை என்பது பிக்ஹு கலையின் விதி. ஆனால் அத்தீர்ப்பு தெளிவான நஸ்ஸுக்கு மாறாக இருப்பின் நில்லாது. கருத்து வேறு, பிழை வேறு. கட்டுரை விடைக்கு இடும் மதிப்பெண் கருத்தின்பாற்பட்டது. சரியான விடையைத் தவறென்று அச்சிட்ட விடைக்குறிப்போ வெறும் பிழை. அதற்கு மரியாதை எதற்கு?

அதே பிகாரில் இளநிலைப் பொறியாளர் தேர்வில் அத்தகைய பிழை நேர்ந்தது. 100 வினாக்களுக்கான விடைக்குறிப்பில் 41 விடைகள் தவறு என்று வல்லுநர்கள் கண்டனர். 2013-இல் உச்சநீதிமன்றம், சரியான குறிப்பைக் கொண்டு தாள்களை மீண்டும் திருத்துமாறு ஆணையிட்டது. வழக்குத் தொடுத்தவர் தாள்களை மட்டுமன்று, எல்லோருடைய தாள்களையும்! தவறான குறிப்பால் பணி பெற்று, ஏறத்தாழ ஏழாண்டுகள் உழைத்துவிட்டவர்களை என்ன செய்வது? அவர்கள் எவரையும் ஏமாற்றியவர்களல்லர். புதிய திருத்தத்தில் தேறாதவரையும் நீதிமன்றம் வெளியேற்றவில்லை. பட்டியலின் கடைசியில் வைத்தது. இவ்வழக்கில் நம்மை மிகவும் ஈர்ப்பது இந்த ஏற்பாடே.

ஐயம் எழுந்தால் அதன் பயன் தேர்வு நடத்துவோருக்கே என்று உத்தரப்பிரதேச ஆசிரியர் தேர்வு வழக்கில் 2017 டிசம்பரில் உச்சநீதிமன்றம் உரைத்தது. இதை நாம் சற்றுத் தயக்கத்தோடுதான் ஏற்கிறோம். குறிப்பை முன்கூட்டியே வெளியிட்டு, ஆட்சேபணை கேட்டு, அதன் பிறகே தாளைத் திருத்தும் அமைப்புக்கு அச்சலுகை தகும், மூடிவைப்போருக்குத் தகாது. நம் தேர்வாணையம் கொள்குறி வினாக்களுக்கு உத்தேச விடைகளை வெளியிட்டு, சில நாட்கள் அவகாசம் தருகிறது. அந்நாட்களில் பாடநூலின் பக்கத்தைச் சான்று காட்டி எழுதுவதற்கு வக்கீலும் வேண்டாம், சென்னைப் பயணமும் வேண்டாம். சிதம்பரத்தில் வீட்டிலிருந்தே அனுப்பலாம்.