யாருக்கு அவமதிப்பு?

கோர்ட்டில் ஜெயிப்பது வேறு, பணம் கைக்கு வருவது வேறு. ராஜபாளையத்தில் நூல் கொடுத்துவிட்டுப் பாக்கிக்கு அலைகிற வியாபாரியையோ, ஸ்ரீவில்லிபுத்தூரில் ஜில்லா கோர்ட் படியேறி இறங்குகிறவரையோ கேட்டால் சொல்வார்கள். டிக்ரி வாங்கிய பிறகுதான் இந்திய வழக்காளியின் சங்கடங்களே தொடங்குகின்றன என்று பிரிவி கவுன்சில் 1872லேயே கண்டுவிட்டது. நிறைவேற்று மனு, வாய்தா, அமீனா, ஜப்தி, ஏலம். இதற்குச் சட்டம் வைத்திருக்கும் கெடு 12 வருஷம்.

என்னை உறுத்துவது தாமதம் அல்ல. 'அவமதிப்பு' என்ற சொல். உத்தரவை வேண்டுமென்றே மீறுகிறவனுக்கு 1971ஆம் வருஷத்து நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் ஆறு மாதம் வரை சிறை வைத்திருக்கிறது. ஆனால் பண டிக்ரி விஷயத்தில் கோர்ட்டுகள் சாதாரணமாக அதைத் தொடுவதில்லை; நிறைவேற்று மனு போடச் சொல்கின்றன. இதில் நியாயம் உண்டு. இயலாமை அவமதிப்பாகாது. 1980ல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் கிருஷ்ணய்யர் நிலைநாட்டியது இதைத்தான்: கொடுக்க வழியற்றவனைக் கடனுக்காக மட்டும் சிறையில் அடைக்கக்கூடாது. 1908ஆம் வருஷத்து சிவில் நடைமுறைச் சட்டமும் கடனாளியின் உடுதுணி, சமையல் பாத்திரம், படுக்கை, கைவினைஞனின் கருவி இவற்றை ஜப்தியிலிருந்து விலக்குகிறது. வாங்க வருகிற கை, அவனை மனிதனாக மிச்சம் வைக்க வேண்டும்.

இருந்தும் கொடுக்காதவன்? அதுவும் அவன் சர்க்காராக இருந்தால்? விபத்து நஷ்டஈடு தராததால் அரசு பஸ் ஜப்தி என்று பத்திரிகைகளில் எத்தனை முறை படித்திருக்கிறோம். படிக்கிறவனுக்குச் சிரிப்பு வருகிறது. பஸ்ஸில் அடிபட்டுச் செத்தவனின் மனைவிக்கு வராது. இங்கே அவமதிக்கப்பட்டது கோர்ட்டா? முதலில் அவள்தான் என்பேன். தீர்ப்பு என்பது கோர்ட் அவளுக்குக் கொடுத்த வாக்கு. அது நடக்காத ஒவ்வொரு நாளும் அவள் இழப்புக்கு மதிப்புண்டு என்று சொன்னது பொய்யாகிறது. அந்த வாக்கை விட்டுத் தனியே கோர்ட்டுக்கு ஒரு கௌரவம் கிடையாது.

13ஆம் நூற்றாண்டின் இறுதியில் பாண்டிய நாட்டுக்கு வந்த மார்க்கோ போலோ ஒரு வழக்கத்தைச் சொல்கிறான். கடன் கொடுத்தவன் கடனாளியைச் சுற்றித் தரையில் வட்டம் கிழித்துவிட்டால், பணமோ ஜாமீனோ தராமல் அவன் தாண்டக்கூடாது. தாண்டினால் மரணம். குதிரைமேல் வந்த அரசனையே ஒரு வெளிநாட்டு வியாபாரி இப்படி வளைத்தானாம். கடன் தீரும்வரை அரசன் நகரவில்லை.

யாத்ரிகனின் பேச்சில் மிகை இருக்கலாம். மரணத்தைக் காவல் வைத்த அந்த வட்டம் எனக்குத் திரும்ப வேண்டாம். ஆனால் அரசன் தாண்டியிருந்தால் அவனைத் தண்டிக்க யார் இருந்தார்கள்? ஒருவருமில்லை. இருந்தும் நின்றான். இன்று சர்க்காருக்கு எதிரான டிக்ரியை மூன்று மாதம் பொறுத்த பிறகே நிறைவேற்றலாம் என்று 82ஆம் பிரிவு சலுகை தருகிறது. மூன்று மாதம் போகட்டும். அதற்கப்புறமும் காரணம் சொல்லிச் சொல்லி வட்டத்தைக் காலால் அழிக்கிற அதிகாரி, நீதிபதியை மேடையில் ஏசியவனைவிடப் பெரிய அவமதிப்பைச் செய்கிறான். அவனை யாரும் அப்படி அழைப்பதில்லை.