'பாசிப்ளி': ஐயமும் உறுதியும்

ஆங்கிலத்தில் 'பாசிப்ளி' என்னும் வினையடை, ஒன்று நடக்கலாம், நடக்காமலும் போகலாம் என்ற நிலையைச் சுட்டுகிறது. 'இயலுதல்' எனப் பொருள்படும் 'போசே' என்ற லத்தீன் வினையே இதன் மூலம். 'ஹி வில் பாசிப்ளி கம்' என்றால் அவர் வந்தாலும் வரலாம். அங்கே 'ப்ராபப்ளி' வந்தால் 'அநேகமாக வருவார்' என்று நம்பிக்கை ஒரு படி ஏறிவிடும். மருத்துவ அறிக்கையில் இந்த ஒரு படி மிகப் பெரிது. நோய் இருக்க வாய்ப்புண்டு என்பதும் இருக்கவே வாய்ப்பு அதிகம் என்பதும் ஒன்றல்ல.

வேண்டுகோளில் இச்சொல் பணிவைக் கூட்டும். 'குட் யூ பாசிப்ளி வெயிட்?' என்பது 'சிரமம் இல்லையென்றால் சற்றுக் காத்திருக்க முடியுமா?' என்பதற்கு ஈடு.

வியப்பானது இதன் எதிர்மறைப் பயன்பாடுதான். 'ஐ கான்ட் பாசிப்ளி அக்ரீ' என்பதில் ஐயம் துளியும் இல்லை. 'ஒப்புக்கொள்ளவே முடியாது' என்ற உறுதியான மறுப்பு அது. 'ஒப்புக்கொள்ளவே' என்பதில் வரும் ஏகாரம் தமிழில் செய்கிற வேலையை இங்கே 'பாசிப்ளி' செய்கிறது. ஆனால் 'பாசிப்ளி நாட்' எனத் தனியே விடை சொன்னால், 'ஒருவேளை இல்லாமல் இருக்கலாம்' என்று பழைய ஐயமே திரும்பிவிடும். ஆகவே மொழிபெயர்ப்போர் 'ஒருவேளை' என்று எழுதுமுன், பக்கத்தில் எதிர்மறைச் சொல் எங்கே நிற்கிறது என்று பார்த்துக்கொள்ள வேண்டும்.